கரும்பை இனிக்க வைத்தவர் ஜானகி அம்மாளா? 1918-ஐ யாராவது பார்த்தீர்களா?

கன்னல்:
ஒவ்வொரு மார்ச்சிலும் அந்தப் படம் வந்துவிடுகிறது. தாவரவியல் விஞ்ஞானி ஜானகி அம்மாளின் கறுப்பு வெள்ளைப் புகைப்படம், கீழே ‘இந்தியக் கரும்பை இனிக்க வைத்தவர்’ என்று கொட்டை எழுத்து. நேற்று இங்கேயே ஒருவர் அதைப் போட, வரிசையாக எல்லோரும் கைதட்டியிருக்கிறீர்கள். ஒருவருக்குக்கூட ஆண்டைப் பார்க்கத் தோன்றவில்லை.

கோயம்புத்தூரில் கரும்பு ஆராய்ச்சி நிலையம் தொடங்கியது 1912. அங்கிருந்த விஞ்ஞானிகள் பார்பரும் டி. எஸ். வெங்கட்ராமனும் ‘வெள்ளை’ என்ற கரும்பு ரகத்தைக் காட்டு நாணலோடு சேர்த்து எடுத்த கோ 205 ரகம் (‘கோ’ என்றால் கோயம்புத்தூர்) வெளிவந்தது 1918. ஜானகி அம்மாள் அங்கே வேலைக்குச் சேர்ந்தது 1934. நடுவில் பதினாறு வருஷம். 1918-ல் அவர் சென்னையில் கல்லூரி மாணவி. அவர் எப்படிக் கோவைக் கரும்பை இனிக்க வைத்தார்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறேன்.

மகரந்தம்:
கன்னல் சார், படம் போட்டது நான்தான். பெயரைச் சொல்லியே கேட்டிருக்கலாம்.

1918-லேயே எல்லாம் முடிந்துவிட்டது என்றால் 1934-ல் அவரை எதற்குச் சேர்த்தார்கள்? மிச்சிகனில் 1931-ல் டி.எஸ்சி. என்ற முனைவர் பட்டம் முடித்து, திருவனந்தபுரத்தில் பேராசிரியராக இருந்தவர் அவர். தடித்த இனிப்புக் கரும்பில் 80 குரோமோசோம், அதாவது உயிரணுவுக்குள் மரபுப் பண்புகளைச் சுமக்கும் இழைகள். நாணலில் இடத்துக்கு இடம் மாறும், 40-லிருந்து 128 வரை போகும். எந்த நாணலை எதோடு சேர்த்தால் என்ன பிறக்கும் என்பதை வயலில் நின்று கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. வேர்நுனியை நசுக்கி நுண்ணோக்கியில் வைத்து ஒவ்வொன்றாக எண்ண வேண்டும். அதைச் செய்தவர் அவர். கரும்பையும் மக்காச்சோளத்தையும் சேர்த்த கலப்பு பற்றி 1938-ல் நேச்சர் இதழில் அவருடைய கட்டுரை வந்தது. நம் நாட்டில் அன்றைக்கு எத்தனை பெண்களுக்கு அது வாய்த்தது?

கன்னல்:
நான் கேட்டது 1918. நீங்கள் சொல்வது 1938. கேள்விக்குப் பதில் இல்லை.

மக்காச்சோளக் கலப்பு அறிவியலில் பெரிய விஷயம்தான், மறுக்கவில்லை. அதிலிருந்து எந்த உழவர் வயலுக்கு ரகம் வந்தது? எந்த ஆலையில் அரைத்தார்கள்? ‘கோ’ என்று தொடங்கும் ஒரு எண் சொல்லுங்கள், ஒன்றே ஒன்று போதும். கோ 205 பஞ்சாபில் கத்தா என்ற நாட்டு ரகத்தின் இடத்தைப் பிடித்தது. 1932-ல் வெளிநாட்டுச் சர்க்கரை மீது காப்புவரி வந்து ஆலைகள் பெருகியபோது அந்த ஆலைகளுக்குத் தீனி போட்டவை கோவை ரகங்கள். அப்போதும் ஜானகி அம்மாள் இங்கே வந்து சேரவில்லை.

விதைநெல்:
ஒரு சின்ன விளக்கம் கேட்கிறேன், கோபிக்க வேண்டாம். ‘இனிப்பு’ என்று இரண்டு பேரும் எதைச் சொல்கிறீர்கள்? சாற்றில் உள்ள சர்க்கரை விழுக்காடா, ஒரு ஏக்கரில் கிடைக்கும் மொத்தச் சர்க்கரையா? நாணலில் சர்க்கரை மிகக் குறைவு. அதைச் சேர்த்தது வேர் வலிமைக்கும், நோயைத் தாங்கவும், வடக்கே குளிரிலும் வறட்சியிலும் பயிர் நிற்கவும்தான். இனிப்பு வந்தது தடித்த கரும்பிலிருந்து. அப்படிப் பார்த்தால் பார்பரும் கரும்பை இனிக்க வைக்கவில்லை, இனிப்புக் கரும்பை நம் மண்ணில் பிழைக்க வைத்தார். இதை முதலில் முடிவு செய்துகொண்டால் பாதி சண்டை தீரும்.

மலபார்_மிளகு:
எடவலத்து கக்காட்டு ஜானகி அம்மாள் எங்கள் தலசேரிக்காரர். 1897-ல் பிறந்தவர். தீயர் குடும்பம், கல்யாணம் செய்துகொள்ளாத பெண், அதற்கு மேல் வெளிநாட்டுப் பட்டம். கோவையில் உடன் வேலை செய்த ஆண்கள் அவரை எப்படி நடத்தினார்கள் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். கன்னல் அண்ணா, உங்கள் 1918-க்குள் இதெல்லாம் தெரியாது.

கன்னல்:
சாதியைக் கொண்டுவந்தால் 1918 நகர்ந்து 1934 ஆகிவிடுமா? அவருக்கு அநியாயம் நடந்தது என்பதை நான் எங்கே மறுத்தேன்? அநியாயம் நடந்தவருக்கு இன்னொருவர் உழைப்பைத் தூக்கிக் கொடுப்பது பரிகாரமா?

டி. எஸ். வெங்கட்ராமனை இன்று எத்தனை பேருக்குத் தெரியும்? சர் பட்டம் வாங்கிய தமிழர். வட இந்தியச் சமவெளி முழுக்க அவருடைய கரும்பு நின்றது. அவருக்குப் படம் போட்டு யார் கைதட்டினீர்கள்? ஒரு பத்திரிகைக்கு நான் இதை எழுதி அனுப்பினேன். பதில்கூடப் போடவில்லை. அடுத்த மார்ச்சில் அதே வரியை மறுபடி அச்சிட்டார்கள். அந்த எரிச்சல் எனக்கு இன்னும் ஆறவில்லை, ஆறவும் வேண்டாம்.

ஏரிக்கரை:
அண்ணே, தலசேரிக்காரர்னு சொல்றீங்க சரி. அந்தம்மா கடைசிக் காலம் எங்க இருந்தாங்க? எங்க மதுரவாயல்ல. சென்னைப் பல்கலைக்கழகத்தோட வயல் ஆய்வுக்கூடம் இங்கதான். 1984 பிப்ரவரில இறந்ததும் இங்கதான். படிச்சது ராணி மேரி கல்லூரி, மாநிலக் கல்லூரி. பாடம் எடுத்தது பெண்கள் கிறித்தவக் கல்லூரி. கேரளால அவங்க வேலை பார்த்தது ரெண்டு வருஷம். இதுல யாரு யாருக்குச் சொந்தம்?

மலபார்_மிளகு:
பிறந்த ஊரை மாற்ற முடியாது அண்ணா.

ஏரிக்கரை:
1897-ல தலசேரி சென்னை மாகாணம். மாத்தவே வேணாம்.

மகரந்தம்:
தயவுசெய்து இதை இங்கே நிறுத்துங்கள். கன்னல் சாருக்கு இதுதான் வசதி, நாம் ஊர்ச்சண்டை போடுவோம், அவர் ஓரமாக நின்று ஜெயிப்பார்.

சார், ரகம் ரகம் என்கிறீர்கள். ரகம் வெளியிடுபவர் மட்டும்தான் விஞ்ஞானியா? 1939 ஆகஸ்டில் எடின்பரோவில் மரபியல் மாநாட்டுக்குப் போனார், போர் மூண்டது, அங்கேயே தங்கினார். லண்டனில் குண்டு விழுந்த ஆண்டுகளில் ஜான் இன்னஸ் தோட்டக்கலை ஆய்வு நிறுவனத்தில் வேலை. 1945-ல் மரபியலர் டார்லிங்டனோடு சேர்ந்து சாகுபடித் தாவரங்களின் குரோமோசோம் அட்லஸ் என்ற எண்ணிக்கைத் தொகுப்பு நூல். அதன் அட்டையில் இரண்டு பேர் பெயரும் இருக்கிறது, பலருடைய மேசையில் அது ‘டார்லிங்டன் அட்லஸ்’ ஆகிவிட்டது. பிறகு இங்கிலாந்தின் விஸ்லி தோட்டத்தில் மக்னோலியா என்ற பூமரத்தின் விதை முளைகளுக்குக் கோல்கிசின் என்ற வேதிப்பொருள் கொடுத்துக் குரோமோசோமை இரட்டிப்பாக்கினார். அங்கே ஒரு மக்னோலியாவுக்கு அவர் பெயர். இதெல்லாம் கணக்கில் வராதா?

கன்னல்:
வரும். எல்லாம் வரும். அட்லஸைப் போட்டுப் படம் செய்யுங்கள், முதலில் நான் பகிர்கிறேன். நேரு அழைத்து 1951-ல் திரும்பி வந்து இந்தியத் தாவரவியல் அளவைத் துறையைச் சீரமைத்ததைப் போடுங்கள். திட்டம் அவருடையது, 1954-ல் தலைமைப் பதவி சாந்தாபா என்ற தாவரவியலருக்குப் போனது, அந்த வேதனையைப் போடுங்கள். மனிதன் பூமியை மாற்றியதைப் பற்றி 1955-ல் பிரின்ஸ்டனில் நடந்த பெரிய கருத்தரங்கில் இந்தியாவின் பிழைப்புப் பொருளாதாரம் பற்றி அவர் கட்டுரை தந்தார், அதைப் போடுங்கள். 79 வயதில், 1977-ல் பத்மஸ்ரீ. அவ்வளவு தாமதமாக ஏன் என்று கேளுங்கள், நானும் கேட்கிறேன்.

இவ்வளவு உண்மை கையில் இருக்கும்போது எதற்காக அந்த ஒரு பொய்? 1918.

மகரந்தம்:
பொய் என்ற சொல்லைத் திரும்பப் பெறுங்கள்.

கன்னல்:
1918-க்குப் பதில் வந்ததும் பெறுகிறேன்.

மகரந்தம்:
போன வருஷம் வானிலை விஞ்ஞானி அண்ணா மணி பற்றிய இழையிலும் நீங்கள் இதையேதான் செய்தீர்கள். சி. வி. ராமனின் ஆய்வகத்தில் வைரத்தின் ஒளிர்வை இரவு பகலாக ஆராய்ந்து கட்டுரைகள் எழுதியவருக்கு, முதுகலை இல்லை என்று சென்னைப் பல்கலைக்கழகம் முனைவர் பட்டம் மறுத்ததை நான் எழுதினேன். ‘விதி விதிதானே’ என்று ஒற்றை வரியில் முடித்துவிட்டுப் போனீர்கள். ஓசோன் அளக்கும் கருவியை இந்தியாவிலேயே செய்ததையோ தும்பா ராக்கெட் ஏவுதளத்தில் வானிலைக் கோபுரம் அமைத்ததையோ பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. பெண் என்றால் மட்டும் உங்களுக்கு ஆண்டும் விதியும் ஞாபகம் வரும்.

கன்னல்:
அந்த இழையில் நான் எழுதியது ஒன்பது பத்தி. எட்டை விட்டுவிட்டு ஒரு வரியை எடுத்துக்கொண்டு ஒரு வருஷமாகச் சுமக்கிறீர்கள். ராமனைப் பற்றி எழுதியபோதும் நான் ஆண்டு திருத்தியிருக்கிறேன், ராமன் பெண் இல்லை. என் மீது பழி போடுவதற்கு முன்னால் அதையும் தேடிப் பாருங்கள்.

விதைநெல்:
நான் கேட்டதற்கு யாரும் பதில் சொல்லவில்லை. இனிப்பு என்பது சாற்றிலா, ஏக்கரிலா?

நாற்றங்கால்:
கன்னல் சாரிடம் ஒரு கேள்வி. நாணல் கலப்பில் தாயின் குரோமோசோம் முழுவதும் பிள்ளைக்கு வந்துவிடுகிறது, அதனால்தான் இனிப்பு அதிகம் குறையாமல் வலிமை சேர்ந்தது என்று படித்தேன். இந்தக் கணக்கு 1918-ல் பார்பருக்குத் தெரியுமா? தெரியாமல் கைவந்ததை, தெரிந்து செய்ய வைத்தது குரோமோசோம் எண்ணியவர்கள் இல்லையா?

மகரந்தம்:
அப்படிக் கேளுங்கள்! இதைத்தான் முதலிலிருந்து சொல்கிறேன். பார்பர் கலப்பு செய்தார், பலன் கிடைத்தது. ஏன் கிடைத்தது என்று சொல்ல உயிரணுவியல் வேண்டியிருந்தது. அதில் நம் நாட்டுப் பெயர் ஜானகி அம்மாள்.

கன்னல்:
தாயின் குரோமோசோம் முழுதாக வரும் சங்கதியை ஜாவாவில் கரும்பு ஆராய்ந்த பிரெமர் என்ற விஞ்ஞானி 1920-களிலேயே எழுதிவிட்டார். அதையும் ஜானகி அம்மாளுக்குக் கொடுக்கப் போகிறீர்களா? கொடுங்கள், யார் தடுப்பது.

அந்த அம்மையார் சாகும்வரை குரோமோசோமை ஒன்றுக்கு இரண்டு முறை எண்ணி எழுதியவர். எண்ணிக்கை தப்பினால் அவர் ஒத்துக்கொண்டிருக்க மாட்டார். அவர் பேரில் ஆண்டு தப்பாக ஒரு புகழை நீங்கள் ஒட்டுகிறீர்கள், அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. நான் அவருக்கு எதிரி இல்லை. உங்கள் எல்லோரையும் விட அவரை நான் அதிகம் வாசித்திருக்கிறேன்.

மலபார்_மிளகு:
அதிகம் வாசித்தவர் கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்குக் காடு பற்றி ஏன் ஒன்றும் எழுதவில்லை? குந்திப்புழாவில் அணை கட்டக் கிளம்பியபோது எண்பது வயதைத் தாண்டியவர் எதிர்த்து நின்றார். அந்தக் காட்டு மரங்களின் குரோமோசோம் கணக்கெடுப்பில் இறங்கினார். அவர் இறந்த அதே 1984-ல், நவம்பரில், அது தேசியப் பூங்கா ஆனது. காட்டைக் காப்பாற்றியவர் அவர். இதற்கும் ஆண்டு தப்பு என்பீர்களா?

கன்னல்:
ஆண்டு சரி. ‘காப்பாற்றியவர்’ தப்பு. கேரள சாஸ்திர சாகித்ய பரிஷத் என்ற மக்கள் அறிவியல் இயக்கம் ஊர் ஊராகப் போய் மக்களிடம் பேசியது. சுகதகுமாரி கவிதை எழுதினார், கவிஞர்களைத் திரட்டினார். சிங்கவால் குரங்கு உலகச் செய்தி ஆனது. இந்திரா காந்தி குறுக்கிட்டார். இவ்வளவு பேர் இருக்கும் இடத்தில் ஒருவரை நிறுத்தி ‘காப்பாற்றியவர்’ என்றால் மறுபடியும் அதே கதைதான்.

மலபார்_மிளகு:
இப்போது சுகதகுமாரியை வைத்து ஜானகி அம்மாளை அடிக்கிறீர்களா? பரிஷத் கூட்டங்களுக்கு என் வீட்டிலிருந்தே போயிருக்கிறார்கள். எங்கள் போராட்டத்தை எனக்கே சொல்லித்தர வேண்டாம்.

ஏரிக்கரை:
அந்தப் பள்ளத்தாக்கு பாலக்காடு மாவட்டம், கோயம்புத்தூருக்குப் பக்கம்...

மலபார்_மிளகு:
ஆரம்பித்துவிட்டீர்களா அண்ணா?

மகரந்தம்:
படத்தை நான் எடுக்கப் போவதில்லை. பத்தாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி அதைப் பார்த்துவிட்டு ‘யார் மிஸ் இவங்க’ என்று கேட்டாள். கோ 205 பற்றிச் சொல்லியிருந்தால் கேட்டிருப்பாளா?

கன்னல்:
கேட்ட பிள்ளைக்கு என்ன பதில் சொன்னீர்கள்? 1934 என்று சொன்னீர்களா, 1918 என்று சொன்னீர்களா? இதற்காவது நேராகப் பதில் சொல்லுங்கள்.

மகரந்தம்:
என் வகுப்பில் நான் என்ன சொல்வேன் என்று உங்களிடம் கணக்கு ஒப்பிக்க வேண்டியதில்லை.

கன்னல்:
அப்படியானால் சொல்லவில்லை. இதைக் குறித்து வைத்துக்கொள்கிறேன். நாற்றங்கால், பிரெமரைப் பற்றி உங்கள் பதில் எங்கே?