லாக்ஸ்டன்: வரப்பில்லாத வயல்கள்

குழு: மேலத்தெரு வீடு
ஞாயிற்றுக்கிழமை

மீனா, மாலை 6.12
பெரியப்பா, இன்று நான் போய் வந்த ஊரை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். நாட்டிங்ஹாம்ஷயரில் லாக்ஸ்டன் என்று ஒரு சிற்றூர். ஒரு தேவாலயம், ஒரு மதுக்கடை, தெருவின் இருபுறமும் செங்கல் வீடுகள். ஊருக்கு வெளியே வந்தால் வேலியே இல்லாத வயல்கள். இங்கிலாந்தில் எங்கே போனாலும் வயலைச் சுற்றிப் புதர்வேலி இருக்கும். இங்கே கண்ணுக்கு எட்டியவரை திறந்த நிலம். ஏழெட்டுப் படங்கள் அனுப்புகிறேன்.

சித்தி, மாலை 6.15
குளிருக்குப் போர்த்திக்கொண்டு போனாயா? படத்தில் காற்று பலமாக அடிப்பது தெரிகிறது.

மீனா, மாலை 6.16
போர்த்தியிருந்தேன் சித்தி.

பெரியப்பா, மாலை 6.31
மூன்றாவது படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். ஒரே வயலில் உழவின் நிறம் பட்டை பட்டையாக மாறுகிறது. ஒருவர் நிலம் இல்லை அது. பல பேருடையது. ஆனால் வரப்பைக் காணோமே?

மீனா, மாலை 6.44
அதைப் பார்க்கத்தான் போனேன் பெரியப்பா. ஊருக்கு மூன்று பெரிய வயல்கள்: வெஸ்ட் ஃபீல்டு, மில் ஃபீல்டு, சவுத் ஃபீல்டு. ஒவ்வொன்றும் நீளப் பட்டைகளாகப் பிரிந்திருக்கிறது. ஒரு விவசாயியின் நிலம் ஒரே இடத்தில் இருக்காது. மூன்று வயல்களிலும் சிதறிக் கிடக்கும். நல்ல மண் ஒருவருக்கும் கெட்ட மண் மற்றவருக்கும் போய்விடாமல் இருக்க அந்தக் காலத்தில் செய்த பங்கீடு. ஒரு வயலில் குளிர்காலக் கோதுமை, அடுத்ததில் வசந்தகாலப் பயிர், மூன்றாவது தரிசு. அடுத்த ஆண்டு மூன்றும் இடம் மாறும். யாரும் தனியாக முடிவெடுக்க முடியாது. ஊரோடு சேர்ந்துதான் விதைக்க வேண்டும்.

இடைக்காலத்தில் மத்திய இங்கிலாந்தின் பெரும்பாலான ஊர்கள் இப்படித்தான் பயிரிட்டன. இன்று அந்த முறையை முழுமையாக, ஊர் மன்றத்தோடு சேர்த்து, நடைமுறையில் வைத்திருப்பது லாக்ஸ்டன்தான்.

பெரியப்பா, மாலை 6.50
பக்கத்துக்காரன் ஏரைக் கொஞ்சம் தள்ளி ஓட்டினால்? வரப்பு இருக்கும்போதே ஆண்டுக்கு ஒரு விரல் சீவி எடுத்துக்கொள்கிறார்கள். வரப்பே இல்லையென்றால் யார் கேட்பது?

மீனா, இரவு 7.08
ஊர் கேட்கும் பெரியப்பா. அந்த இடத்தில்தான் நான் அசந்துபோனேன்.

கோர்ட் லீட் என்று ஒரு மன்றம் இருக்கிறது. நிலப்பிரபுக்கள் காலத்து நீதிமன்றம். ஒவ்வொரு நவம்பர் கடைசியிலும் ஒரு வியாழக்கிழமை, ஊர் விவசாயிகளே ஜூரிகளாகக் கிளம்பி, அந்த ஆண்டு கோதுமை விதைத்த வயலைச் சுற்றி வருகிறார்கள். டிராக்டரில் இழுத்துப் போகும் வண்டியில் ஏறிப் போவார்களாம். பட்டைகளின் எல்லையில் முளைக்குச்சி அடிக்கிறார்கள். யாராவது பொதுப் பாதையையோ புல்வெளியையோ சேர்த்து உழுதிருக்கிறார்களா, வடிகாலைத் தூர்வாராமல் விட்டிருக்கிறார்களா என்று பார்க்கிறார்கள். பிறகு மதுக்கடைக்கு வந்து சாப்பிட்டுவிட்டு யாருக்கு எவ்வளவு அபராதம் என்று பேசி முடிவு செய்கிறார்கள். அடுத்த வியாழக்கிழமை அதே மதுக்கடையில் மன்றம் கூடி அபராதத்தை உறுதி செய்யும். அடுத்த ஆண்டு வயலுக்குப் புதிய ஜூரிகள் பதவி ஏற்பார்கள்.

இது திருவிழா வேடிக்கை இல்லை. 1977இல் இங்கிலாந்தில் இத்தகைய பழைய மன்றங்களின் அதிகாரங்களைச் சட்டம் போட்டு நீக்கினார்கள். லாக்ஸ்டன் மன்றத்தை மட்டும் விலக்கி வைத்தார்கள்.

பெரியப்பா, இரவு 7.15
அபராதம் பெரிய தொகையா?

மீனா, இரவு 7.17
சிறு தொகைதான். ஆனால் அடுத்த வீட்டுக்காரர்கள் எல்லோரும் உட்கார்ந்திருக்கும்போது பெயர் வாசிக்கப்படும்.

பெரியப்பா, இரவு 7.18
அது போதும். பணத்தைவிட அதுதான் உறைக்கும்.

கதிர், இரவு 7.40
அக்கா, எனக்கு ஒரு சந்தேகம். மற்ற ஊர்களில் இது ஏன் மறைந்தது? வசதிக் குறைவு என்பதால்தானே? பத்து இடத்தில் துண்டு துண்டாக நிலம் வைத்துக்கொண்டு யார் பயிர் செய்வார்கள்? லாக்ஸ்டனைக் காட்சிப் பொருளாக வைத்திருக்கிறார்கள் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

மீனா, இரவு 8.05
காட்சிப் பொருள் என்று சொல்லாதே கதிர். அங்கே குத்தகை விவசாயிகள் அந்த நிலத்தில் விளைவதை விற்றுத்தான் குடும்பம் நடத்துகிறார்கள்.

மறைந்த கதையைக் கேள். 1604 முதல் 1914 வரை 5,200க்கும் மேற்பட்ட வேலியடைப்புச் சட்டங்களை நாடாளுமன்றம் நிறைவேற்றியது. சுமார் 68 லட்சம் ஏக்கர். துண்டுகளை ஒன்றுசேர்த்து, வேலி போட்டு, தனித்தனி உடைமை ஆக்கினார்கள். விளைச்சல் கூடியது என்பார்கள், மறுக்கவில்லை. ஆனால் பொது நிலத்தில் ஒரு பசுவை மேய்த்து, விறகு பொறுக்கிப் பிழைத்த ஏழைக்கு அந்த உரிமை போய்விட்டது. நிலம் இல்லாதவன் கூலிக்காரன் ஆனான். வசதி என்று நீ சொல்வது யாருடைய வசதி என்று பார்க்க வேண்டும்.

லாக்ஸ்டன் தப்பியதற்கு யாருடைய நல்ல மனமும் காரணம் இல்லை. நிலம் இரண்டு பெரிய குடும்பங்களிடம் பிரிந்து கிடந்தது: மேன்வர்ஸ் பிரபு, ஸ்கார்பரோ பிரபு. இருவருக்கும் ஒத்துப்போகவில்லை, வேலியடைப்பு தள்ளிக்கொண்டே போனது. எனினும் ஒன்றும் மாறவில்லை என்று நான் சொல்ல மாட்டேன். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சிறு பட்டைகள் பலவற்றைச் சேர்த்துப் பெரிதாக்கினார்கள். திறந்த வயலின் பரப்பும் முன்பு இருந்ததைவிடக் குறைவு.

அப்பா, இரவு 8.20
பழைய பட்டைகள் எப்படி இருந்தன என்று எப்படித் தெரியும்? ஆவணம் இருக்கிறதா?

மீனா, இரவு 8.29
அருமையான ஆவணம் இருக்கிறது அப்பா. 1635இல் வில்லியம் கோர்ட்டன் என்ற லண்டன் வணிகருக்காக மார்க் பியர்ஸ் என்பவர் ஊர் முழுவதையும் அளந்து வரைபடம் போட்டார். ஒவ்வொரு பட்டையும் தனித்தனியாக, யார் பயிரிடுகிறார் என்ற விவரத்தோடு. ஏர் உழுகிறவர்களையும் அறுவடை செய்கிறவர்களையும் சின்னச் சின்னதாக வரைந்திருக்கிறார். மூலப்படம் ஆக்ஸ்ஃபோர்டில் பாட்லியன் நூலகத்தில் இருக்கிறது. ஊரைப் பற்றி அதற்கும் முந்தைய பதிவு 1086ஆம் ஆண்டு டூம்ஸ்டே என்ற அரசு நிலக் கணக்கெடுப்பில் உண்டு.

அப்பா, இரவு 8.33
நம் பத்திரத்தில் நான்கு எல்லை எழுதுவதுபோல.

சித்தி, இரவு 8.41
வீடுகள் எல்லாம் தெருவை ஒட்டி நெருக்கமாக இருக்கின்றன. விவசாயிகள் வயலில் வீடு கட்டுவதில்லையா?

மீனா, இரவு 8.52
நல்ல கேள்வி சித்தி. வேலியடைத்த ஊர்களில் பல பண்ணை வீடுகள் வெளியே, அவரவர் நிலத்தின் நடுவே போய்விட்டன. லாக்ஸ்டனில் ஒருவருடைய நிலம் மூன்று திசையிலும் கிடக்கிறது, அதனால் நடுவில் தெருவில் இருப்பதுதான் எல்லோருக்கும் சமம். களஞ்சியமும் தொழுவமும்கூடத் தெருவிலேயே. பக்கவாட்டுச் சுவர் தெருவைப் பார்க்க, நீளம் உள்ளே போகிறது. தப்பி அலையும் மாடுகளை அடைத்து வைக்கும் பட்டியும் ஊருக்குள் இருக்கிறது.

பெரியப்பா, இரவு 8.55
நம் ஊரிலும் பவுண்டுப் பட்டி இருந்தது. நான் சிறுவனாக இருந்தபோது நம் காளையை அடைத்துவிட்டார்கள். அப்பா பணம் கட்டி ஓட்டிக்கொண்டு வந்தார்.

கதிர், இரவு 9.10
அக்கா, காட்சிப் பொருள் என்றதைத் திரும்பப் பெறுகிறேன். இப்போது நிலம் யாரிடம் இருக்கிறது? விற்றுவிட்டால் எல்லாம் போய்விடுமே?

மீனா, இரவு 9.26
அந்தப் பயம் இரண்டு முறை வந்தது. 1952இல் மேன்வர்ஸ் பிரபு ஊரைக் காப்பாற்ற வேண்டும் என்று வேளாண்மை அமைச்சகத்துக்கு விற்றார். 1981இல் அது அரச நிலங்களை நிர்வகிக்கும் கிரவுன் எஸ்டேட்டிடம் போனது. 2018இல் அவர்கள் விற்கப்போவதாக அறிவித்தார்கள். 2020இல் தோர்ஸ்பி எஸ்டேட் வாங்கியது. மேன்வர்ஸ் குடும்பத்தின் பழைய எஸ்டேட் அது. திரும்பவும் அதே கைக்கு வந்திருக்கிறது. ஆனால் சட்டத்தைவிட, ஆண்டுதோறும் அந்த ஒரு வியாழக்கிழமைக்குக் கிளம்பி வரும் ஆட்கள்மீதுதான் எனக்கு நம்பிக்கை. இளையவர்கள் பண்ணையை விட்டுப் போய்விட்டால் முளைக்குச்சி அடிக்க யார் வருவார்கள் என்பதுதான் எனக்கு இருக்கும் கவலை.

பெரியப்பா, இரவு 9.34
நவம்பரில் போகிறாயா?

மீனா, இரவு 9.35
அந்த வியாழனுக்கு விடுப்புக் கேட்டிருக்கிறேன்.

பெரியப்பா, இரவு 9.41
போனால் குச்சி எவ்வளவு ஆழம் இறங்குகிறது என்று பார். மண் சிவந்த களிமண்ணாகத் தெரிகிறது. மழை பெய்தால் குச்சி சாயும். சாய்ந்தால் மறுபடி யார் நிமிர்த்துகிறார், நிலத்துக்காரரா, ஜூரியா என்றும் கேட்டு வா.