விசிறி பறந்த படத்திலிருந்து சிங்கம் ஆடிய படம் வரை

கபுகி என்னும் ஜப்பானிய மரபு நாடகத்தின் நாட்டியம் ஒன்றைப் பிடித்த மொமிஜிகாரி (1899) படத்தைப் பார்க்கிறவர்கள் விசிறிமேல் ஒரு கண் வையுங்கள். மொத்தமே சில நிமிடம்தான். இளவரசியாக வரும் கபுகி நடிகர் ஒன்பதாம் இச்சிகாவா தஞ்சூரோ இரண்டு விசிறிகளைச் சுழற்றி ஆடும்போது காற்று ஒன்றைப் பிடுங்கிக்கொண்டு போய்விடும். அந்தக் காலத்து பிலிமுக்கு மேடை வெளிச்சம் பற்றாது, வெயில் வேண்டும். அதனால் டோக்கியோவின் கபுகிஸா நாடக அரங்குக்குப் பின்பக்கம் திறந்தவெளியில் ஆடவைத்து எடுத்தார் ஷிபாதா ட்சுனேகிச்சி. நவம்பர் மாதம், பலத்த காற்று. மறுபடி எடுக்கவில்லை; பறந்தது பறந்தபடியே படத்தில் நிற்கிறது. தான் உயிரோடு இருக்கும்வரை திரையிடக்கூடாது என்பது தஞ்சூரோ போட்ட நிபந்தனை. அதுவும் நிற்கவில்லை. 1903இல் அவர் நோயில் கிடந்தபோது ஒசாகாவில் காட்டிவிட்டார்கள்.

---

ஆட்டம் வெடுக்வெடுக்கென்று ஓடினால் பிரதியின் வேகத்தைப் பாருங்கள். கேமராவைக் கையால் சுற்றி எடுத்ததை நொடிக்கு 24 பிரேம் வேகத்தில் ஓட்டினால் நடனம் செத்துப்போகும்.

மலைத்தெய்வமாக வரும் பையனையும் விட்டுவிடாதீர்கள். வயது 14. கோரெமொச்சி என்ற வீரனாக வரும் ஐந்தாம் ஒனோயே கிக்குகோரோவின் மகன்; பிற்பாடு அப்பா பெயரையே ஏற்று ஆறாம் கிக்குகோரோ ஆனவர். 1935 ஜூனில் அதே கபுகிஸாவில் அவரை வைத்துத்தான் இயக்குநர் ஓஸு ‘ககாமிஜிஷி’ என்ற சிங்க நாட்டியத்தைப் படமாக எடுத்தார். ஓஸுவின் ஒரே ஆவணப்படம் அது. இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டால் ஒரு ஆட்டக்காரரின் வாழ்க்கையே இரு முனையில் தெரியும்.

---

ககாமிஜிஷி நாட்டியமே தஞ்சூரோ 1893இல் மேடையேற்றியதுதான். ஆறாம் கிக்குகோரோவுக்குப் பாடம் சொன்னவரும் அவரே. முன்பாதியில் யாயோய் என்ற அரண்மனைப் பெண். ஐம்பதை நெருங்கிய, கனத்த உடம்புக்காரர் போடும் ஸ்திரீபார்ட். தோளைப் பின்னுக்கு இறக்கி, முழங்காலை ஒட்டி மடக்கித்தான் அந்த உடம்பு சிறுக்கிறது. பின்பாதியில் வெள்ளைப் பிடரியோடு சிங்கம். முடியைச் சுழற்றுவது கழுத்து வேலை என்று நினைத்தால் தப்பு. இடுப்பிலிருந்து கிளம்ப வேண்டும். கழுத்தால் வீசினால் முடி வட்டமாக விழாது, கழுத்தும் பிடித்துக்கொள்ளும்.

எனக்கு இதைவிடப் பெரிதாகப் படுவது நடுவில் வரும் இடம். யாயோய் சிங்கத்தலையைக் கையில் எடுக்கிறாள். அது தானாகவே வாயைத் திறந்து மூடத் தொடங்குகிறது. தாடையை ஆட்டுவது கிக்குகோரோவின் விரல்கள்தான். ஆனால் கை முன்னே பாயும், உடம்பு அரைத் தாளம் பிந்தி இழுபடும், மற்றக் கை அதைப் பிடித்து நிறுத்தப் பார்க்கும்.