புதுப்பிப்பு: வியன்னாவில் பீத்தோவன் நடை

வியன்னாவில் பீத்தோவன் வாழ்ந்த இடங்களை வழிகாட்டியோடு பார்ப்பதா, தனியாகவா என்று முன்பு கேட்டிருந்தேன். பலரும் வழிகாட்டி என்றீர்கள். போய்வந்தாச்சு.

நகர மையத்துக்கு வழிகாட்டி தேவைதான். 1827-இல் அவர் இறந்த வீடு 1904-லேயே இடிக்கப்பட்டுவிட்டது. அங்கே நிற்பது வேறு கட்டடம். சொல்ல ஆள் இல்லையென்றால் கடந்து போய்விடுவோம். பாஸ்குவாலாட்டி வீட்டில் அவர் தங்கியது நான்காம் மாடி, லிஃப்ட் கிடையாது. முட்டிவலிக்காரர்கள் யோசித்துக்கொள்ளுங்கள். எங்கள் வழிகாட்டி உரிமம் பெற்றவர் (ஆஸ்திரியாவில் அது கட்டாயம்), நன்றாகவே பேசினார். என்ன, அடிக்கடி மொசார்ட் பக்கம் ஓடிவிட்டார்.

நகரின் ஓரத்தில் இருக்கும் ஹைலிகென்ஷ்டாட் பகுதிக்கு மட்டும் தனியாகப் போங்கள். காது மந்தமாகிவரும் வேதனையைத் தம்பிகளுக்குக் கடிதமாக எழுதி, அனுப்பாமலே வைத்திருந்தாரே, அது 1802-இல் இங்கே எழுதியதுதான். புரோபுஸ் தெருவில் இருக்கும் அருங்காட்சியகத்தை நிதானமாகப் பார்க்க வேண்டும். குழுவோடு போனால் அவசரப்படுத்துவார்கள்.

அப்புறம், பீத்தோவன் கல்லறை பற்றிக் கேட்டவருக்கு: 1888-இல் வியன்னாவின் வேரிங் பகுதியிலிருந்து மத்தியக் கல்லறைத் தோட்டத்துக்கு மாற்றிவிட்டார்கள். 71-ஆம் எண் டிராமில் போகலாம். இசையமைப்பாளர் ஷூபெர்ட்டின் கல்லறையும் அங்கேதான்.