ஒலிவியா நியூட்டன்-ஜான்: லண்டன்வாசி ஒருவர் கன்ட்ரி பாடகியாக வென்றது எப்படி?

மெல்லிசைப்பித்தன் கேட்டது:

ஒலிவியா நியூட்டன்-ஜானை நம்மில் பெரும்பாலோர் 1978இல் வெளிவந்த ‘கிரீஸ்’ திரைப்படத்தின் வழியாகவே அறிவோம். ஆனால் அதற்குச் சில ஆண்டுகள் முன்பே அவர் அமெரிக்காவில், தென்மாநிலங்களின் நாட்டுப்புற மரபில் பிறந்த ‘கன்ட்ரி’ இசையின் பாடகியாகப் பெயர் பெற்றிருந்தார். 1948இல் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜில் பிறந்து, ஐந்து வயதில் குடும்பத்தோடு மெல்பர்னுக்குக் குடிபெயர்ந்து, பதின்ம வயதில் மீண்டும் இங்கிலாந்துக்கு வந்த அவர், 1974இல் கன்ட்ரி இசைச் சங்கத்தின் சிறந்த பாடகி விருதை அந்த இசையின் முன்னணிப் பாடகிகளான லொரெட்டா லின், டாலி பார்ட்டன் போன்றோரை முந்திப் பெற்றார். அமெரிக்கத் தென்மாநில வாழ்க்கையில் வேர் இல்லாத ஒரு குரலை அந்த இசையின் ரசிகர்கள் ஏற்றுக்கொண்டது எப்படி? அந்த விருதை எதிர்த்தவர்கள் பக்கம் நியாயம் இருந்ததா? விவரம் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

பழைய இசைத்தட்டு எழுதியது:

இதற்கான விடையைக் கன்ட்ரி இசையின் தலைநகரான, டென்னசி மாநிலத்தின் நாஷ்வில்லில் தேடுவதைவிட லண்டனில் தேடுவதே பொருத்தம் என்று கருதுகிறேன். ஆஸ்திரேலியத் தொலைக்காட்சிப் போட்டி ஒன்றில் வென்ற ஒலிவியாவுக்குப் பரிசாகக் கிடைத்தது பிரிட்டன் பயணம்; அவர் தயங்கியபோது போகச் சொல்லி வற்புறுத்தியவர் அவருடைய தாயார். லண்டனில் அவர் தம் மெல்பர்ன் தோழி பேட் கேரலுடன் இணைந்து மேடைகளில் பாடினார். விசா முடிந்து ஊர் திரும்பிய பேட், கித்தார் கலைஞர் ஜான் ஃபராரை மணந்தார். பின்னர் லண்டனுக்கு வந்து சேர்ந்த அந்த ஃபரார்தான், ‘த ஷேடோஸ்’ என்ற பிரிட்டிஷ் இசைக்குழுவின் புரூஸ் வெல்ச்சுடன் சேர்ந்து ஒலிவியாவின் பாடல்களைத் தயாரித்தார். 1971இல் பாப் டிலனின் ‘இஃப் நாட் ஃபார் யூ’ பாடலை இவர்கள் பதிவு செய்து, அட்லாண்டிக்கின் இரு கரைகளிலும் கவனம் பெற்றார்கள்.

அமெரிக்கக் கதவைத் திறந்த ‘லெட் மீ பி தேர்’ பாடலை எழுதியவரும் பிரிட்டனைச் சேர்ந்தவரே. அவர் ஷேடோஸ் குழுவின் முன்னாள் பேஸ் கித்தார் கலைஞர் ஜான் ராஸ்டில். அதில் ஒலிவியாவின் மென்குரலுக்கு அடியில் கேட்கும் கனத்த ஆண்குரலைப் பாடிய மைக் சேம்ஸ், லண்டன் ஒலிப்பதிவுக் கூடங்களில் பின்னணி பாடி வந்தவர். அந்தப் பாடல் அமெரிக்கப் பொதுப் பட்டியலில் 6ஆம் இடத்தையும் கன்ட்ரி பட்டியலில் 7ஆம் இடத்தையும் எட்டி, 1974 மார்ச்சில் சிறந்த கன்ட்ரி பாடகிக்கான கிராமி விருதையும் ஒலிவியாவுக்குப் பெற்றுத் தந்தது. ராஸ்டில் 1973 நவம்பரிலேயே இறந்துவிட்டார். தம் பாடல் விருது பெற்றதைக் காண அவருக்குக் கொடுத்துவைக்கவில்லை. அவர் பெயரை இன்று எவரும் குறிப்பிடாமல் போவது எனக்கு மிகுந்த வருத்தம் தருகிறது.

வானொலி நேயர் எழுதியது:

எதிர்ப்பைப் பற்றிச் சொல்கிறேன். 1974 நவம்பரில் ஜார்ஜ் ஜோன்ஸ், டாமி வைனட் தம்பதியின் இல்லத்தில் மரபு வழிக் கன்ட்ரி கலைஞர்கள் கூடி, தங்களுக்கெனத் தனிச் சங்கம் ஒன்றை நிறுவினார்கள். ஒலிவியா என்னும் தனிமனிதரைவிட, வானொலியில் தங்களுக்கு எஞ்சும் இடத்தைப் பற்றியே அவர்கள் அதிகம் கவலைப்பட்டார்கள். பாப் பட்டியலில் ஏறிய பாடல்களையே கன்ட்ரி நிலையங்களும் ஒலிபரப்பத் தொடங்கினால், மரபுக் கன்ட்ரியின் வாத்தியங்களான ஃபிடிலையும் ஸ்டீல் கித்தாரையும் நம்பி வாழ்ந்தவர்கள் எங்கே போவார்கள் என்ற அச்சம் பொய்யானதல்ல. அடுத்த ஆண்டு அதே சங்கத்தின் விருது மேடையில், பாப் சாயலில் பாடிய ஜான் டென்வரின் பெயரை அறிவித்த கன்ட்ரி பாடகர் சார்லி ரிச், அந்தப் பெயர் இருந்த தாளுக்கே தீ வைத்தார். டென்வர் அமெரிக்கர்; ஆகவே அயல்நாட்டவர் என்ற வெறுப்பு மட்டுமே இதற்குக் காரணம் என்று சொல்ல முடியாது. அச்சம் நியாயமானதாக இருந்தாலும் அதை ஒலிவியாவின் மீது சுமத்தியது நியாயமில்லை. அதே 1974இல் அவரிடம் விருதை இழந்த டாலி பார்ட்டனின் தங்கை ஸ்டெல்லா பார்ட்டன், ஒலிவியாவுக்கு ஆதரவாக ஒரு பாடலையே வெளியிட்டார் என்பதை நான் மிகவும் மதிக்கிறேன்.

மெல்லிசைப்பித்தன் எழுதியது:

இருவருக்கும் நன்றி. அப்படியானால் ‘கிரீஸ்’ படத்துக்குப் பிறகு அவர் கன்ட்ரி இசையைக் கைவிட்டதற்கு அந்த எதிர்ப்புதான் காரணமா?

சுருதி எழுதியது:

எனக்கு அப்படித் தோன்றவில்லை. எதிர்ப்புக்குப் பின்னரே, 1976இல், அவர் நாஷ்வில்லுக்குச் சென்று ஓர் ஆல்பத்தைப் பதிவு செய்தார். விலகிப் போக நினைத்தவர் அதைச் செய்திருக்க மாட்டார். அவர் எந்தக் காலத்திலும் ஒரே வகை இசைக்குள் அடங்கியவரும் அல்லர். கிராமி வென்ற மறுமாதமே இங்கிலாந்தின் பிரைட்டனில் நடந்த, ஐரோப்பிய நாடுகளின் பாடல் போட்டியான யூரோவிஷனில் பிரிட்டன் சார்பில் பாடி நான்காம் இடம் பெற்றார். அந்தப் போட்டியில் வென்றது ஆபா குழு. அதே ஆண்டு அமெரிக்காவில் முதலிடம் பிடித்த ‘ஐ ஆனஸ்ட்லி லவ் யூ’ பாடலில் கன்ட்ரிச் சாயல் மிகக் குறைவு. அங்கே ஏற்கெனவே புகழ் பெற்றிருந்த ஆஸ்திரேலியரான ஹெலன் ரெட்டி ஊக்கப்படுத்தியதால்தான் அவர் அமெரிக்காவுக்கே குடிபெயர்ந்தார்.

நண்பர் பழைய இசைத்தட்டு பாடலைச் செய்தவர்களுக்கு முழுப் பெருமையையும் அளிக்கிறார். நான் அந்தக் குரலுக்கும் பாதி தருவேன். சொற்கள் தெளிவாக விழும் அந்தக் குரல், டென்னசி உச்சரிப்பைப் போலி செய்ய முயலவே இல்லை. ‘கிரீஸ்’ படத்திலும் அவருக்காகக் கதாநாயகியையே ஆஸ்திரேலியப் பெண்ணாக மாற்றினார்கள். 1981இல் வெளிவந்து அமெரிக்கப் பட்டியலில் பத்து வாரங்கள் முதலிடத்தில் நின்ற ‘பிசிக்கல்’ நடனப் பாடலையும் தயாரித்தவர் அதே ஜான் ஃபரார்தான். ‘லெட் மீ பி தேர்’ பாடலையும் இதையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். வாத்தியங்கள் முற்றிலும் மாறியிருந்தும், குரலை எல்லாவற்றுக்கும் முன்னால் நிறுத்தும் ஃபராரின் முறை இரண்டிலும் ஒன்றாகவே இருப்பதை உணர்வீர்கள்.