வருகைப் பதிவேட்டில் மண்ணாங்கட்டி

எங்கள் ஊர் விழுப்புரத்துக்கும் திருக்கோவிலூருக்கும் நடுவில் இருக்கிறது. ஆறாம் வகுப்பில் என் பக்கத்தில் உட்கார்ந்தவன் பெயர் மண்ணாங்கட்டி. பட்டப்பெயர் இல்லை, பதிவேட்டிலேயே அதுதான். புதிதாக வந்த வாத்தியார் முதல் நாள் அந்தப் பெயரில் வந்து நின்றார். "ஏண்டா, இது பேரா, இல்ல வீட்ல திட்டினதை அப்படியே எழுதிக் கொடுத்துட்டாங்களா?" என்றார். வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன். அவன் குனிந்தபடி "உள்ளேன் ஐயா" என்றான்.

அதற்கப்புறம் கணக்கைத் தப்பாகப் போடுகிற எல்லோரையும் அந்த வாத்தியார் "மண்ணாங்கட்டி" என்றுதான் திட்டினார். ஒவ்வொரு தடவையும் அவன்தான் நிமிர்ந்து பார்ப்பான், தன்னைக் கூப்பிடுகிறார் என்று நினைத்து.

வீட்டில் ஆயாவிடம், அதாவது பாட்டியிடம், இதைச் சொல்லிச் சிரித்தேன். ஆயா சிரிக்கவில்லை. "அவனுக்கு முன்னாடி பொறந்த மூணும் தங்கலடா. இதாவது தங்கட்டும்னு அவங்க அம்மா வெச்ச பேரு அது" என்றார். பிறக்கிற பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்துபோனால், அடுத்த பிள்ளைக்கு ஒன்றுக்கும் ஆகாத பொருளின் பெயரை வைப்பார்கள். எமன் அந்தப் பெயரைக் கேட்டு, இது எதற்கு என்று விட்டுவிட்டுப் போக வேண்டுமாம். குப்பன், குப்பம்மாள், பிச்சை எல்லாம் இப்படி வந்த பெயர்கள்தான். பழைய தென்னார்க்காட்டில் மண்ணாங்கட்டி என்ற பெயரோடு எத்தனையோ பெரியவர்களைப் பார்க்கலாம்.

அந்தச் சொல்லின் மேல் எனக்கு மரியாதை வந்தது கொல்லையில்தான். மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, விதைப்பதற்கு முன்னால் கட்டி தட்டுவது பிள்ளைகள் வேலை. ஈரம் அதிகமாக இருக்கும்போது உழுதுவிட்டால் களிமண் பாளம் பாளமாகப் புரண்டு, வெயிலில் கல் மாதிரி இறுகிவிடும். விதை கட்டிக்கு அடியில் மாட்டினால் முளை மேலே வராது. மண்வெட்டியின் பின்பக்கத்தால் தட்டித் தட்டிக் கை கொப்பளித்துப் போகும். "கட்டி விழுந்தா மண்ணு மேல குத்தம் இல்ல, உழுதவன் பதம் பார்க்கல" என்பார் அப்பா. நன்றாக உழுது காயவிட்ட புழுதியைப் பற்றி ஒரு குறளே இருக்கிறது: ஒரு பலம் புழுதி கால் பலமாகும்படி காயவிட்டால், ஒரு பிடி எருகூட வேண்டாமல் பயிர் விளையும். உழவு அதிகாரத்தில் 1037-வது குறள்.

ஆனால் நம் பேச்சில் மண் என்றாலே மட்டம். "சட்டமாவது மண்ணாங்கட்டியாவது" என்கிறோம். "ஒரு மண்ணும் தெரியாது" என்கிறோம். கல்லூரி விடுதியில் தஞ்சாவூர்ப் பக்கத்து நண்பன் ஒருவன் யாராவது விழித்துக்கொண்டு நின்றால் "மண்ணாந்தை" என்பான். "மண்டையில என்ன களிமண்ணா?" என்பதும் அவன் வாயில் அடிக்கடி வரும். இது மட்டும் எனக்குப் பிடிபடவே இல்லை. அவன் வீட்டு நெல்லுக்குத் தண்ணீரைப் பிடித்து நிறுத்தி வைத்ததே அந்தக் களிதான்.

சில வருடங்களுக்கு முன்னால் ஊரில் ஒரு கல்யாணம். அழைப்பிதழில் பெண்ணின் அப்பா பெயரைப் பார்த்ததும் கிளம்பிவிட்டேன். அவனேதான். நெற்றி நிறைய விபூதி, தோளில் துண்டு. பந்தியில் அவனே வந்து எனக்குப் பரிமாறினான். சாப்பிட்டு முடித்ததும், அன்றைக்கு நானும் சிரித்ததைச் சொன்னேன். "அதெல்லாம் எனக்கு ஞாபகமே இல்ல" என்றான். ஞாபகம் இருந்தது என்பது முகத்திலேயே தெரிந்தது.

அரசிதழில் கொடுத்துப் பெயரை மாற்றிக்கொள்ள நினைத்ததே இல்லையா என்று கேட்டேன்.

"பொண்ணு ஸ்கூல்ல சேர்ந்தப்ப நெனச்சேன். அம்மா கையைப் பிடிச்சிக்கிட்டு வேணாம்டான்னாங்க. எனக்கு அம்பது வயசானாலும் அவங்களுக்குப் பயம் போவல. இப்ப அவங்க இல்ல. மாத்தலாம். மனசு வரல."