நவம்பர் கூட்டம்: கலைவாணருக்கு அரை மணி நேரம்

மக்கா, எல்லாருக்கும் வணக்கம்.

நவம்பர் 29 நம்ம ஊர் நகைச்சுவை நடிகர் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் பிறந்தநாள், கூட்டத்தில் அவருக்கு அரை மணி நேரம் ஒதுக்கலாம் என்று துபாய் அண்ணாச்சி எழுதியிருந்தார். நல்ல யோசனை. ஒரே ஒரு வேண்டுகோள். அவர் சிறை போன லட்சுமிகாந்தன் கொலை வழக்கு, வாரிக் கொடுத்த கை, இந்த இரண்டையும் சொல்லி வடை காப்பியோடு முடித்துவிட வேண்டாம். மனுசன் இருபது வருசத்துக்கு மேல் படத்தில் நடித்தாரே, அதைப் பேசுவோம்.

1908-ல் நாகர்கோவில் ஒழுகினசேரியில் பிறந்தவர். அப்பா சுடலைமுத்து, அம்மா இசக்கியம்மாள். இரண்டு பெயரையும் சேர்த்துச் சொல்லிப் பாருங்கள், கோயில் கொடை விழாவில் வில்லுப்பாட்டு கேட்கிற மாதிரி இருக்கும். படிப்பு நாலாம் வகுப்போடு சரி. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றுக்கொண்டிருந்த பையன், டி.கே.எஸ். சகோதரர்கள் கம்பெனியில் சேர்ந்து மேடை ஏறினார்.

1931-ல் ‘காளிதாஸ்’ வந்து படம் பேச ஆரம்பித்ததும், வசனமும் பாட்டும் தெரிந்த நாடகக்காரர்களுக்குத்தான் கிராக்கி. என்.எஸ்.கே. முதலில் நடித்தது எல்லிஸ் டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’யில். எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம். அது 1936-ல் வெளிவருவதற்குள், டி.கே.எஸ். குழுவின் ‘மேனகா’ 1935-லேயே முந்திக்கொண்டது.

அப்புறம் அவர் செய்ததுதான் விசேஷம். நகைச்சுவைப் பகுதியைத் தன் ஆட்களை வைத்துத் தானே தனியாக உருவாக்கிக் கொடுப்பார், அதைக் கொண்டுபோய்ப் படத்தில் சேர்ப்பார்கள். கதாநாயகன் அழுதுகொண்டிருக்கட்டும், இவர் கடை தனிக் கடை. ‘வசந்தசேனா’ படப்பிடிப்புக்குப் புனே போன இடத்தில் பழக்கமான டி.ஏ. மதுரம் ஜோடியானார், மனைவியும் ஆனார்.

அந்த ஜோடியைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் கோயில் கொடைதான் நினைவு வரும். வில்லில் புலவர் ஒரு வரி சொல்வார், பக்கத்தில் இருப்பவர் ‘ஆமா’ போடுவார், குறுக்குக் கேள்வி கேட்பார், கதை நகரும். மதுரம் செய்ததும் அதுதானே? அவர் கேட்கிற கேள்வி பாதிச் சிரிப்பு. இது என் கணிப்பு, அடிக்க வராதீங்க. ஆனால் பிற்காலத்தில் காந்தி கதையை அவர் வில்லுப்பாட்டாகவே மேடையில் பாடினார் என்பது கணிப்பு இல்லை.

லட்சுமிகாந்தன் வழக்கில் 1944 கடைசியில் கைது, 1947-ல் விடுதலை. உள்ளே போய் வந்தவரை ஜனம் மறந்துவிடவில்லை. 1949-ல் அண்ணா எழுதிய ‘நல்லதம்பி’யில் கிந்தனார் காலட்சேபம். நந்தனார் கதையின் மெட்டிலேயே, ஒடுக்கப்பட்ட பையன் ஒருவன் படித்து முன்னேறுவதைச் சிரிக்கச் சிரிக்கச் சொல்லிவிட்டார். கூட்டத்தில் பிள்ளைகளுக்கு ஒன்றே ஒன்று போட்டுக் காட்டுவதென்றால் அதைத்தான் காட்ட வேண்டும். ‘மணமகள்’, ‘பணம்’ இரண்டையும் இயக்கியதும் அவர்தான் என்று ஒரு வரி சொன்னால் போதும்.

நம்ம ஊர் திருவிதாங்கூர்-கொச்சியிலிருந்து தமிழ்நாட்டோடு (அப்போது சென்னை மாநிலம்) சேர்ந்தது 1956 நவம்பர் 1. அடுத்த ஆகஸ்ட் 30-ல் அவர் போய்விட்டார், 48 வயது. நாகர்கோவில் மணிமேடையில் நிற்கிற அவர் சிலையைத் தினமும் பஸ்ஸிலிருந்து பார்த்துத்தானே வளர்ந்தோம்.

சரி, காரியத்துக்கு வருவோம். கிந்தனாருக்கு முன்னால் பத்து நிமிசம் நாமே வில்லுப்பாட்டு போடலாம். உடுக்கு என்னிடம் இருக்கிறது. குடம் அடிக்கத் தெரிந்தவர் மஸ்கட் பக்கம் யாராவது உண்டா?