பொருள்: டிபென்டன்சி நிரலகத்துக்கு ஒரு சொல்

வணக்கம் நண்பர்களே,

நம் செயலியின் மொழிபெயர்ப்புக் கோப்பில், விண்டோஸ் தரும் 126, 127, 193 என்ற மூன்று வேறு பிழை எண்களுக்கும் "செருகுநிரலை ஏற்ற முடியவில்லை" என்றே இருக்கிறது. பார்ப்பவர் செருகுநிரலை (பிளகின்) நீக்கி மறுபடி நிறுவுவார். மறுபடி அதே பிழை. கோப்பு இருந்த இடத்தில்தான் இருக்கும், அது ஓடுவதற்குக் கேட்கும் இன்னொரு நிரலகம் (லைப்ரரி), அதாவது டிபென்டன்சி, இராது. லினக்ஸ் செய்தியின் தொடக்கத்தில் விடுபட்ட கோப்பின் பெயராவது வரும். விண்டோஸின் 126ஆம் பிழையோ "மாட்யூல் (நிரலகக் கோப்பு) இல்லை" என்பதோடு நின்றுவிடும். எந்த மாட்யூல் என்று சொல்லாது.

அந்த நிரலகத்தைச் "சார்பு" எனலாமா?

—

> "சார்பு" எனலாமா?

வேண்டாம். பள்ளிக் கணக்கிலிருந்தே சார்பு என்றால் ஃபங்ஷன். 127 என்பது நிரலகம் கிடைத்தும் அதற்குள் தேடிய ஃபங்ஷன் கிடைக்காத நிலை. "சார்பு இல்லை" என்று 126க்குப் போட்டால் 127 என்றுதான் புரியும். "துணைநிரலகம்" என்றாலும் சிக்கல். பயர்பாக்ஸ் ஆட்-ஆனைத் துணை நிரல் என்று பழக்கிவிட்டது.

"வேண்டுநிரலகம்" எப்படி? செருகுநிரலைப் போலவே வினைத்தொகை. லினக்ஸில் கோப்பின் உள்ளமைப்பைக் காட்டும் ரீட்எல்ஃப் (readelf) கட்டளையை டி (-d) விருப்போடு ஓட்டினால், வேண்டிய நிரலகங்களைச் சொல்லும் வரிகளுக்கு நேரே "நீடட்" என்றுதானே வருகிறது!

—

வேண்டுநிரலகத்துக்கு என் ஒப்புதல். உதவிப் பக்கத்தில் ஒரு திருத்தம்: ஒரு கோப்புக்கு வேண்டிய நிரலகங்கள் கிடைக்கின்றனவா என்று பட்டியலிடும் லினக்ஸின் எல்டிடி (ldd) கட்டளையை முதன்மைச் செயலியின் மேல் ஓட்டச் சொல்லியிருக்கிறோம். செருகுநிரலைச் செயலி ஓடும்போதுதான் திறக்கிறது, அதனால் அந்தப் பட்டியலில் அது வராது. செருகுநிரல் கோப்பின் மேலேயே ஓட்டி "நாட் ஃபவுண்ட்" வரிகளைப் பார்க்க வேண்டும். நம்பிக்கையில்லாத கோப்பென்றால் எல்டிடி கூடாது, கோப்பிலுள்ள நிரல் ஓடிவிடக்கூடும், ரீட்எல்ஃப் போதும். எந்தக் கோப்புறைகளில் தேடியது என்பது எல்டி_டீபக் (LD_DEBUG) என்ற சூழல் மாறிக்கு "லிப்ஸ்" மதிப்பு கொடுத்தால் தெரியும்.

193க்கு "32 பிட், 64 பிட் பொருந்தவில்லை" என்று போடாதீர்கள். பெரும்பாலும் அதுதான் காரணம், ஆனால் சிதைந்த கோப்புக்கும் அதே எண் வரும்.

—

சரி, இப்படிச் சேர்க்கிறேன்:

126: "செருகுநிரலோ அதன் வேண்டுநிரலகமோ கிடைக்கவில்லை" (செருகுநிரலே இல்லாவிட்டாலும் இதே எண்தான்)
127: "நிரலகத்தில் தேடிய ஃபங்ஷன் இல்லை, பதிப்பைச் சரிபார்க்கவும்"
193: "கோப்பின் வடிவம் இந்தச் செயலிக்கு ஒவ்வாது"

விடுபட்டதன் பெயரை விண்டோஸ் தராததால் 126இல் செருகுநிரலின் பெயருக்கு மட்டும் இடம் விடுகிறேன்.